இலையின் அடியைப் பார்

அன்புள்ள செல்விக்கு,

அம்மா எழுதுவது. நீ உருளைக்கிழங்கு இலைப் படம் அனுப்பிப் பத்து நாள் ஆகிறது. அதற்குப் பிறகு ஒரு வார்த்தையும் இல்லை. வேலை இருக்கும், தெரியும். ஆனால் உன் பக்கம் பத்து நாளும் மூட்டமும் தூறலும்தான் என்று அண்ணன் சொன்னதிலிருந்து எனக்கு எதிலும் மனம் நிற்கவில்லை.

படத்தில் மேல்பக்கம் மட்டும்தான் தெரிகிறது. நுனியில் வெந்நீர் பட்டதுபோல் ஊறிய கருந்திட்டு, சுற்றிலும் வெளிர்பச்சைக் கரை. வளையத்துக்குள் வளையமாக இருந்தால் முன்கருகல் என்ற வேறு நோய் என்று ஆறியிருப்பேன். இதில் வளையம் இல்லை. விடிகிற நேரத்தில், ஈரம் காய்வதற்கு முன், இலையைத் திருப்பி அடியைப் பார். திட்டின் விளிம்பை ஒட்டி மாவு தூவியதுபோல் வெள்ளை இருந்தால் பின்கருகல் நோய்தான். வெயில் ஏறினால் மறைந்துவிடும். பத்து மணிக்குப் போய்ப் பார்த்து ‘ஒன்றுமில்லை’ என்று திரும்பிவிடாதே.

அந்த நோய்க்கிருமியை ஃபைட்டாப்தோரா இன்ஃபெஸ்டன்ஸ் என்பார்கள். பூஞ்சை என்று சொல்லிப் பழகிவிட்டோம், உண்மையில் அது பழுப்புப் பாசிக்கு உறவான இனம். தண்ணீர்தான் அதற்கு உயிர். அந்த வெள்ளை முழுக்க வித்துப்பைகள். காற்றில் பறந்து அடுத்த வயலுக்குப் போகும். இலை நனைந்து, குளிர் 12 டிகிரி அளவில் இருந்தால் ஒரே பையிலிருந்து பல வித்துகள் வெளிவந்து நீந்தும். இலைக்குள் புகுந்து மூன்று முதல் ஐந்து நாள் வரை வெளியே ஒன்றும் தெரியாது. ஒரு செடியில் நீ பார்க்கும்போது பக்கத்துச் செடிகளுக்குள்ளும் புகுந்திருக்கும்.

அப்பாவுக்குக் கண் தேவலை. சித்தி வந்து போனாள்.

செல்வி, ஒன்று சொல்ல வேண்டும். ‘புள்ளி தெரிந்ததும் அடித்தால் போதும், மருந்துக் காசை வீணாக்காதே’ என்று உனக்குச் சொல்லிக் கொடுத்தவள் நான்தான். அது தப்பு. நாம் அடிக்கும் மேன்கோசெப் மருந்து இலைமேல் போர்த்துகிற போர்வை. வித்து முளைக்காமல் தடுக்கும், உள்ளே போனதை ஒன்றும் செய்யாது. மழைக்கு முன்னால் இலையில் இருக்க வேண்டியதை மழைக்குப் பின்னால் அடிக்கச் சொன்னேன். மெட்டலாக்சில் என்ற இன்னொரு மருந்து ஒருமுறை பலித்ததும் அதையே திரும்பத் திரும்ப அடிக்கச் சொன்னதும் நான். அந்த மருந்துக்கு அடங்காத நோய்க்கிருமி வகை 1980-இலேயே அயர்லாந்திலும் நெதர்லாந்திலும் வந்துவிட்டது. போன வருஷம் ‘நீ சரியாக அடிக்கவில்லை’ என்று கத்தினேனே, தவறு உன் கையில் இல்லை.

நோய் எட்டாத பாத்திகளுக்கு போர்டோ கலவை போடு. மயில்துத்தம் (காப்பர் சல்பேட்) 1 கிலோ, சுட்ட சுண்ணாம்பு 1 கிலோ, தனித்தனியாக 50 லிட்டரில் கரை. துத்தநீரைச் சுண்ணாம்பு நீரில் ஊற்று, மாற்றி ஊற்றாதே. பிளாஸ்டிக் பீப்பாய்தான், இரும்பு கூடாது. தேய்த்த இரும்புக் கத்தியை முக்கி எடு. செம்பு படிந்தால் சுண்ணாம்பு போதவில்லை, அப்படியே அடித்தால் இலை வெந்துவிடும். அன்றன்றைக்குக் கலக்கியதை அன்றே அடித்து முடி. இலையின் அடியிலும் பட வேண்டும்.

செடியின் அடியில் மண்ணை நன்றாகக் குவித்து அணை. மழை அந்த வித்துகளைக் கழுவிக் கிழங்கு வரை இறக்கும். செடி பெரும்பாலும் கருகிவிட்டால் தழையை அறுத்து அப்புறப்படுத்தி, இரண்டு வாரம் பொறுத்து, தோல் முற்றியபின் ஈரமில்லாத நாளில் தோண்டு. சந்தேகமான கிழங்கை நறுக்கிப் பார். தோலுக்கு அடியில் செம்பழுப்பு ஓடியிருந்தால் கழித்துவிடு. 1845-இல் அயர்லாந்தில் தோண்டும்போது நன்றாக இருந்த கிழங்குகூடச் சேமித்த குழியில் அழுகிப்போனது இதனால்தான். அந்தப் பஞ்சத்தில் பத்து லட்சம் பேர் செத்தார்கள். கழித்ததை வரப்பில் குவிக்காதே, விதைக்கும் எடுக்காதே. அடுத்த போகத்துக்கு நோய் அதிலிருந்துதான் கிளம்பும்.

நீ கெட்டிக்காரி, என்னைவிடக் கவனமாகப் பார்ப்பாய். விடியற்காலையில் இலையின் அடியைப் பார்த்துவிட்டு ஒரு வரி எழுது. பயிர் போயிருந்தாலும் எழுது.

அம்மா