ஒகுர்த்சோவ் எழுதுவது

மதுரை
டிசம்பர் 28

அன்புள்ள பாப்பா,

இங்கே எல்லோரும் நலம். அம்மாவின் முழங்கால் அப்படியேதான் இருக்கிறது. அனுப்பிய முறுக்கு வந்ததா? கொடுத்துவிட்டதாகக் கூரியரில் இருந்து மெசேஜ் வந்தது, உன்னிடமிருந்துதான் ஒன்றும் வரவில்லை. நேரத்துக்குச் சாப்பிடு.

நேற்று 'கர்னவால்னயா நோச்' பார்த்தேன், அதே பழைய ரஷ்யப் படம்தான். வருஷக் கடைசியானால் எனக்குப் பிடிக்கும் பைத்தியம்தான். போன வருஷம் அந்த 'ஐந்து நிமிடம்' பாட்டு வந்ததும் நீ போனில் கூடவே பாடினாய். உன் ரஷ்ய உச்சரிப்பு என்னுடையதைவிட நன்றாக இருந்தது, அம்மாகூடச் சொன்னாள். இந்த வருஷமும் போனைப் பக்கத்திலேயே வைத்திருந்தேன்.

மாஸ்கோவில் படிக்கப் போனபோது லுமும்பா பல்கலைக்கழக விடுதியில் முதல் டிசம்பரில் பார்த்த படம். பாதி வசனம் புரியாது, மற்றவர்கள் சிரித்தால் நானும் சிரிப்பேன். 1956 டிசம்பர் கடைசியில் வெளியானது. அந்த வருஷம் பிப்ரவரியில்தான் சோவியத் தலைவர் குருஷேவ் ஸ்டாலினின் கொடுமைகளைப் பற்றி வாய் திறந்திருந்தார். பத்து மாதத்தில் ஓர் அதிகாரியைக் கேலி செய்து படம் வந்துவிட்டது, 4.8 கோடிப் பேருக்கு மேல் பார்த்திருக்கிறார்கள். இயக்குநர் ரியாசானவுக்கு அப்போது 29 வயது. கதாநாயகி குர்சென்கோவுக்கு 21, உன்னைவிடச் சின்னவள். அவ்வளவு புகழ் வந்தும் அப்புறம் பல வருஷம் அவளுக்கு நல்ல வேடமே அமையவில்லை. எழுபதுகளில்தான் திரும்ப எழுந்தாள். வேலை என்றால் சில சமயம் அப்படியும் ஆகும். இதை ஏன் எழுதுகிறேன் என்று கேட்காதே. மாமா பையன் ஏதோ சொன்னான், நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நேரத்துக்குச் சாப்பிடு. வாடகைக்கு வேண்டுமென்றால் சொல், வேண்டாம் என்றாலும் சொல். ஒரு வார்த்தை சொல்வதற்கு என்ன? மூன்று வாரமாகிறது.

படத்தில் வரும் அதிகாரி, அந்த ஒகுர்த்சோவை நினைவிருக்கிறதா? பெயரிலேயே ரஷ்ய வெள்ளரிக்காய் இருக்கிறது என்று நீ சிரிப்பாயே, அவர்தான். புத்தாண்டுக் கொண்டாட்டத்தில் சொற்பொழிவு வேண்டும் என்பார், கோமாளிகளின் முகப்பூச்சைக் கழுவச் சொல்வார். எதைப் பார்த்தாலும் வெட்டு. ஆனால் அந்த வேடத்தில் வரும் இலின்ஸ்கி அவரைக் கெட்டவராக நடிக்கவில்லை, பாப்பா. நல்லது செய்வதாக நம்புகிற ஆள். நேற்று அவரைப் பார்த்து எனக்குச் சிரிப்பே வரவில்லை.

பத்தாம் வகுப்பு ஆண்டு விழாவில் உன்னை நடனத்தில் இருந்து எடுத்தது உன் டீச்சர் இல்லை. நான்தான். பரீட்சை வருகிறது, எடுத்துவிடுங்கள், நான் சொன்னதாகச் சொல்ல வேண்டாம் என்று பள்ளிக்கே போய்க் கேட்டுக்கொண்டேன். நீலப் பாவாடை தைத்து முடித்திருந்தது. நீ இரண்டு வருஷம் அந்த டீச்சருக்கு வணக்கம்கூடச் சொல்லவில்லை. வீட்டில் நீ அவரைத் திட்டும்போதெல்லாம் நானும் சேர்ந்து திட்டினேன். அம்மாவுக்கு இது இன்றுவரை தெரியாது. அந்தப் பாவாடை மாடி அலமாரியில்தான் இருக்கிறது, எறிய மனம் வரவில்லை.

31ஆம் தேதி ராத்திரி 11.55க்கு விழித்திருப்பேன். கோபமென்றால் திட்டுவதற்காவது கூப்பிடு.

முறுக்கு டப்பாவை இறுக்கி மூடு, நமுத்துப் போகும்.

அப்பா