மூன்றாம் பக்கத்துக் கட்டம்: ஆவணப்பட நிதிக் குழுவுக்கு ஒரு எடிட்டரின் திறந்த மடல்

மதிப்பிற்குரிய தேர்வுக் குழுவினருக்கு,

வணக்கம். உங்கள் விண்ணப்பப் படிவத்தின் மூன்றாம் பக்கத்தில், 'பார்வையாளர் இறுதியில் அடையும் புரிதல் என்ன?' என்றொரு கட்டம் இருக்கிறது. நான் எடிட் செய்யும் இயக்குநர் அதில் 'எடுத்துப் பார்த்தால்தான் தெரியும்' என்று எழுதினார். நிராகரித்துவிட்டீர்கள். அழகாக ஒரு பொய் எழுதியிருக்கலாமே என்று எனக்கு அன்று அவர்மேல் கோபம்தான்.

அவரிடம் இருப்பது கைக்கு அடங்கும் ஒரு கேமரா, சட்டையில் குத்தும் ஒரு மைக், ஒரு மடக்கு நாற்காலி. பரிதாபப்படாதீர்கள். பத்துப் பேர் யூனிட் என்றால் நாள் வாடகை ஓடும், மதியத்துக்குள் ஏதாவது நடந்தே தீரவேண்டும். இவருக்கு அந்த அவசரம் இல்லை. முதல் அரை மணி நேரம் எல்லோரும் கேமராவுக்காக விறைப்பாக இருப்பார்கள். பிறகு அலுத்துப்போய்த் தோள் தளரும். படம் அங்கேதான் ஆரம்பிக்கிறது.

ஓர் அலுவலகத்தில் ஆலோசனைப் பெட்டியின் சாவியைத் தேடினார்கள். நாற்பது நிமிடம். இழுப்பறைகள் எல்லாம் கவிழ்ந்தன. கடைசியில் ஒருவர், "சாவியைக் காணோம்னு ஒரு சீட்டு எழுதி உள்ளே போட்டுடலாமா சார்?" என்றார். அவர் சிரிக்கவில்லை, நிஜமாகவே கேட்டார். நாற்பதை ஆறு நிமிடமாகக் குறைத்தேன். இன்னும் குறைத்தால் அது வெறும் ஜோக். (பின்னணி இசை போடச் சொன்ன நண்பர் இன்னும் என்னோடு சரியாகப் பேசுவதில்லை.) படத்தை முடிக்கும் முன் அந்த மனிதரிடமே போட்டுக் காட்டினோம். வாய்விட்டுச் சிரித்தார். முகம் சுருங்கியிருந்தால் வெட்டியிருப்பேன். எங்களுக்கு இருப்பது அந்த ஒரு விதிதான்.

உங்கள் பதிலில் 'தீவிரம் போதவில்லை' என்று இருந்தது. ஆவணப்பட இயக்குநர் ராஸ் மெக்எல்வி, அமெரிக்க உள்நாட்டுப் போர்த் தளபதி ஷெர்மனின் படையெடுப்பைப் படமாக்க நிதி வாங்கியவர். காதலி பிரிந்துபோக, படம் வழியில் அவர் சந்தித்த பெண்களின் பக்கம் திரும்பிவிட்டது. அதற்குத்தான் 1987-இல் அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் ஆவணப்படத்துக்கான நடுவர் பெரும்பரிசு கிடைத்தது. பிரெஞ்சு இயக்குநர் ஆன்யெஸ் வர்தா தன் 2000-ஆம் ஆண்டுப் படமொன்றில் கேமராவை அணைக்க மறந்து நடந்தார். தொங்கிய லென்ஸ் மூடி ஆடிய ஆட்டம் பதிவாகிவிட்டது. தூக்கி எறியாமல் படத்தில் வைத்துக்கொண்டார், இசையோடு. (நண்பரே, மன்னிக்கவும்.) இவற்றை எந்தக் கட்டத்தில் முன்கூட்டியே எழுதியிருக்க முடியும்?

திரைக்கதைக்குப் பதிலாக இருபது நிமிட ரஷ்ஷை, அதாவது வெட்டாத மூலப் பதிவை, வாங்கிப் பாருங்கள். குழுவில் யாராவது ஒருவர் சிரித்துவிட்டு ஏன் சிரித்தோம் என்று யோசித்தால், மேற்கொண்டு பேசலாம்.

அடுத்த சுற்றுக்கும் விண்ணப்பிக்கிறோம். இம்முறை அந்தக் கட்டத்தை நிரப்பியது நான். பதில் மாறவில்லை.

இப்படிக்கு,
அவருடைய எடிட்டர்