மகளிடம் வாங்கும் கையெழுத்து

ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் மகளிர் சிறப்பிதழ் படித்தேன். பேருந்து ஓட்டும் பெண், ஐ.டி. வேலையில் இருக்கும் பெண், தனியாக ஊர் சுற்றும் பெண் என்று பக்கத்துக்குப் பக்கம் மாறிவிட்ட பெண்கள். சந்தோஷம்தான். ஆனால் சார்பதிவாளர் அலுவலகத்துப் பக்கம் நீங்கள் வரவே இல்லை. அதற்கு எதிரே ஒரு பத்திர எழுத்தரிடம் டைப் அடிக்கிறேன், அதனால் எழுதுகிறேன்.

எங்களிடம் அடிக்கடி வருவது விடுதலைப் பத்திரம். அப்பா காலமான பிறகு, சொத்தில் தனக்குள்ள பாகத்தை மகள் அண்ணன் தம்பிக்கு விட்டுக்கொடுப்பது. படிக்காதவர்கள்தான் வருகிறார்கள் என்று நினைக்க வேண்டாம். சமீபத்தில் வந்தவர் வங்கி அதிகாரி. கடன் கேட்டு வருகிறவர்களின் தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று எல்லாவற்றையும் வரி விடாமல் பார்ப்பவர். தன்னுடைய பத்திரத்தைப் படிக்கவில்லை. "எங்கே கையெழுத்துப் போடணும்?" என்று மட்டும் கேட்டார். வெளியே வந்ததும் அண்ணி தாம்பாளத்தில் பட்டுப்புடவை வைத்துக் கொடுத்தார்.

ஏன் என்று கேட்டால் எல்லோருக்கும் ஒரே பதில்தான்: "பிறந்த வீடு வேணுமே." பாகம் கேட்டால் பொங்கல் சீர் நின்றுவிடும், பிள்ளையின் காதுகுத்துக்குத் தாய்மாமன் வரமாட்டார். புகுந்த வீட்டில் ஒரு பிரச்சினை என்றால் போய் நிற்க வேறு வாசல் கிடையாது. கை நிறையச் சம்பளம் வாங்கினாலும் இந்தப் பயம் போவதில்லை.

1929-ல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டிலேயே பெண்ணுக்குச் சம சொத்துரிமை கேட்டுத் தீர்மானம் போட்டார்கள். இந்துக் குடும்பங்களில், உயில் எழுதாமல் போன அப்பாவின் சுயசம்பாத்தியத்தில் 1956 முதலே மகளுக்கும் சம பங்கு உண்டு. பூர்வீகச் சொத்துக்கு 1989-ல் தமிழ்நாடு வழிவிட்டது, ஆனால் அந்த வருஷம் மார்ச் 25-க்கு முன் கல்யாணம் ஆனவர்களுக்கு இல்லை. 2005-ல் மத்திய அரசின் திருத்தம் அந்தத் தடையையும் எடுத்தது. இந்தப் பங்கு கிடைக்க, திருத்தம் வந்தபோது அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-ல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. சரி, இவ்வளவுக்கும் பிறகு நடந்தது என்ன? முன்பெல்லாம் தங்கச்சியை யாரும் கேட்கவே மாட்டார்கள். இப்போது அவர் கையெழுத்து இல்லாவிட்டால் சொத்தை வாங்குகிறவரும் வங்கியும் ஒத்துக்கொள்வதில்லை. அதனால் காரில் அழைத்து வருகிறார்கள்.

"கல்யாணத்துக்குத்தான் அவ்வளவு நகை போட்டோமே" என்பார்கள். 1961-லேயே தடை செய்த வரதட்சணையைப் பாகத்தில் கழித்துக்கொள்ளும் சாமர்த்தியம்! இன்னொரு கூத்தும் உண்டு. பிறந்த வீட்டுக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த அதே பெண், அப்புறம் நாத்தனாரைக் கூட்டிக்கொண்டு எங்கள் கடைக்கே வருகிறார்.

எல்லா அண்ணன்களும் மோசம் என்று சொல்லவில்லை. அப்பா அம்மாவைக் கடைசிவரை வைத்துப் பார்த்தவருக்கு, தங்கை கல்யாணக் கடனை ஒற்றை ஆளாக அடைத்தவருக்கு மனசார விட்டுக்கொடுக்கும் பெண்கள் உண்டு. அது அவரவர் இஷ்டம். எவ்வளவு கொடுக்கிறோம் என்று தெரிந்து கொடுக்கட்டும்.

உள்ளே சார்பதிவாளர் "சம்மதம்தானேம்மா?" என்று கேட்கும்போது அண்ணன்மார் பக்கத்திலேயே நிற்கிறார்கள். அங்கே எந்தப் பெண் "இல்லை" என்று சொல்வார்? அவர்களை வெளியே அனுப்பிவிட்டு, அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்பில் அந்தப் பெண்ணின் பாகம் எவ்வளவு வரும் என்று சொல்லிவிட்டுக் கேட்கலாம். பெண்கள் பெயரில் 10 லட்சம் ரூபாய் வரையிலான சொத்தைப் பதிந்தால் 2025 ஏப்ரல் முதல் பதிவுக் கட்டணத்தில் 1 சதவீதம் குறைத்திருக்கிறது அரசு. வாங்குகிற பெண்ணுக்கு இவ்வளவு செய்பவர்கள், விட்டுக்கொடுக்கிற பெண்ணுக்கு ஐந்து நிமிஷம் ஒதுக்கக் கூடாதா?

நீங்களும் அடுத்த மகளிர் இதழில் ஒரு மாதிரி விடுதலைப் பத்திரத்தை முழுசாக அச்சிட்டு, ஒவ்வொரு வரிக்கும் என்ன அர்த்தம் என்று ஒரு வக்கீலை எழுதச் சொல்லுங்கள். சமையல் குறிப்பில் இரண்டு பக்கம் குறைத்தால் இடம் கிடைக்கும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
நாமக்கல் மாவட்டம்