ஜாமீன் கிடைத்தும் சிறையில்

ஆசிரியருக்கு,

எங்கள் தெருவில் இட்லி விற்கும் அம்மாவின் மகன் ஒரு திருட்டு வழக்கில் கைதானான். ஜாமீன் கிடைத்த பிறகும் நான்கு மாதம் உள்ளேயே கிடந்தான். சொத்துவரி ரசீதுடன் இரண்டு ஜாமீன்தாரர்கள் வேண்டும் என்றார்கள். வாடகை வீட்டில் குடியிருப்பவளை நம்பி யார் ரசீதை நீட்டுவார்கள்? மனு போட்டு மகனைப் பார்த்துவிட்டு வரும் நாள்களில், உள்ளே வாங்க மறுத்த முறுக்குப் பொட்டலம் பிரிக்கப்படாமல் அவள் கூடையிலேயே இருக்கும்.

தண்டனை என்பது நிரூபணமான குற்றத்துக்கு. நிரூபணமாகும் முன்பே ஒருவனை, அதுவும் பணமில்லாத ஒரே காரணத்துக்காக அடைத்துவைப்பது எந்த நியாயத்தில் சேரும்? தண்டனை பெற்றவனுக்காவது வெளியே வரும் தேதி தெரியும். இந்தியச் சிறைகளில் ஏறத்தாழ நான்கில் மூவர் விசாரணைக் கைதிகள். நாளை அவர்களில் ஒருவர் நிரபராதி என்று தீர்ப்பானால், போன மாதங்களை யார் திருப்பித் தருவது?

ஜாமீன் உத்தரவாகி ஏழு நாளில் கைதி வெளியே வராவிட்டால், சிறைக் கண்காணிப்பாளர், ஏழைகளுக்கு இலவசச் சட்ட உதவி தரும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. ஒரு மாதத்துக்குள் ஜாமீன் பத்திரம் கொடுக்க முடியாதவர்களுக்கு நிபந்தனையைத் தளர்த்தலாமா என்று நீதிமன்றமே தானாக முன்வந்து பரிசீலிக்கலாம் என்றும் சொன்னது. இப்படி ஓர் உத்தரவு இருப்பதே அந்த அம்மாவுக்குத் தெரியாது, யாரும் சொல்லவில்லை. ஜாமீன் கிடைத்தும் வெளியே வர முடியாதவர்கள் ஒவ்வொரு சிறையிலும் எத்தனை பேர் என்பதைத் தமிழக அரசு மாதந்தோறும் வெளியிட வேண்டும்.

ஓய்வுபெற்ற ஆசிரியை,
கடலூர்