எந்தக் கண் என்று கேள்

அன்புள்ள மீனா,

உன் கடிதம் வந்து வெகுநாளாகிவிட்டது. திட்ட வேண்டியதைத் திட்டிவிட்டு மேலே படி. இங்கே எல்லாரும் நலம். குட்டிக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது. பெரியவர் ஆடிட்டில் இன்னும் அதே கோபத்தோடுதான் இருக்கிறார், உன்னை விசாரித்தார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். டாக்டர் எழுதிய சார்ட்டைப் படித்து, காப்பீட்டுக்காக நோய்க்கும் சிகிச்சைக்கும் கோடு, அதாவது குறியீட்டு எண், போடுகிற நம் வேலையில், ரேடியாலஜியிலிருந்து கண் பிரிவுக்கு மாறும்போது "ரெண்டு கண்ணுதானே, என்ன பெரிய வேலை" என்று சொன்னவள் நீ. இப்போது "சர்க்கரையால் விழித்திரை கெட்டவருக்கு டாக்டர் தீவிரத்தை எழுதாவிட்டால் இ11.319 போட்டு அனுப்பினால் என்ன? டார்கெட்டாவது முடியும்" என்று கேட்கிறாய். அதைப் படித்ததும் எனக்கு வந்த கோபம் உன் மேல் இல்லை. நீ வேலை பார்க்கும் இடத்தில் அப்படித்தான் சொல்லிக்கொடுப்பார்கள் என்று எனக்குத் தெரியும். ஆனால் அந்த ஒரு கோடு எவ்வளவு விஷயத்தை விழுங்கிவிடுகிறது பார். எந்த நிலை என்று அதில் இல்லை. எந்தக் கண் என்று சொல்ல அதில் ஏழாவது இடமே கிடையாது. விழித்திரையின் நடுப்பகுதியான மாகுலாவில் வீக்கம் இல்லை என்று மட்டும் அடித்துச் சொல்கிறது. அப்படிக் கோடு போட்ட நோயாளிக்கு அன்றைக்கு வலது கண்ணில் வீக்கத்துக்கு ஊசி போட்டிருந்தால் என்ன ஆகும்? வீக்கமே இல்லாத கண்ணுக்கு 67028, அதாவது கண்ணுக்குள் போடும் ஊசிக்கான கோடு, எதற்கு என்று காப்பீட்டு நிறுவனம் கிளெய்மைத் திருப்பிவிடும். டாக்டர் செய்தது சரி, நோயாளிக்கு வேண்டியதுதான் கிடைத்தது, ஆனால் காகிதத்தில் எல்லாம் தப்பு.

போன வாரம் எனக்கு வந்த ஒரு சார்ட்டைச் சொல்கிறேன். மதிப்பீட்டில் ஒரே வரி: "டைப் 2 சர்க்கரை, ஓயு என்பிடிஆர், ஓடி மாகுலர் எடிமா, ஊசி தொடரவும்." ஓயு என்றால் இரண்டு கண்ணும், ஓடி என்றால் வலது கண், என்பிடிஆர் என்றால் புது ரத்தக்குழாய் முளைக்காத நிலையிலுள்ள சர்க்கரை விழித்திரை நோய், மாகுலர் எடிமா என்றால் மாகுலா வீக்கம். தீவிரம் எங்கும் இல்லை. மேலே பரிசோதனைப் பகுதிக்குப் போனால், வலது கண்ணில் விழித்திரையின் நான்கு கால்பகுதியிலும் கடுமையான ரத்தக்கசிவு, இரண்டில் வீனஸ் பீடிங் (சிரைகள் மணிமாலைபோல் புடைப்பது) என்று அழகாக எழுதி வைத்திருக்கிறார். நமக்குப் பாடம் எடுத்தபோது சொன்ன 4-2-1 விதி நினைவிருக்கிறதா? நான்கு கால்பகுதியிலும் கடும் ரத்தக்கசிவு, இரண்டிலாவது வீனஸ் பீடிங், ஒன்றிலாவது ஐஆர்எம்ஏ (விழித்திரைக்குள் இயல்பற்ற நுண் ரத்தக்குழாய்கள்). இதில் ஒன்று இருந்தாலே தீவிர என்பிடிஆர். இங்கே இரண்டு இருக்கிறது! கண்ணுக்கு முன்னால் பதில் இருக்கிறது, ஆனால் நான் அதை எழுதக் கூடாது. படத்தையும் பரிசோதனையையும் பார்த்து நோய் இன்ன நிலை என்று முடிவு செய்வது டாக்டரின் வேலை. அந்த எல்லையை நான் மனதார மதிக்கிறேன். நாளைக்கு ஆளாளுக்கு ஓசிடியை (விழித்திரையின் குறுக்குவெட்டு ஸ்கேனை) பார்த்துக் கோடு போட ஆரம்பித்தால் சார்ட்டை யார் நம்புவது?

டாக்டரிடமே விளக்கம் கேட்டு க்வெரி அனுப்பினேன். அதிலும் கவனம் வேண்டும் மீனா. "இது தீவிரம்தானே டாக்டர்?" என்று கேட்டால் அது வாயில் வார்த்தையைத் திணிப்பது. அவர் எழுதிய கண்டுபிடிப்புகளை அப்படியே எடுத்து வைத்து, லேசான, மிதமான, தீவிரமான, வேறு ஏதாவது, தீர்மானிக்க இயலாது என்று எல்லா வாய்ப்பையும் கொடுத்து, இரண்டு கண்ணையும் தனித்தனியாகக் கேட்டேன். மறுநாளே பதில் வந்தது: வலது தீவிரம், இடது மிதமானது, இடதில் வீக்கம் இல்லை. ஆகவே இரண்டு கோடு. வலதுக்கு இ11.3411, இடதுக்கு இ11.3392. அந்த மனிதரின் இரண்டு கண்ணும் வேறு வேறு நிலையில் இருப்பது அப்போதுதான் பதிவானது. எனக்கு அன்றைக்கு முழுக்கச் சந்தோஷம்.

இன்னொன்று, லேசான என்பிடிஆருக்கு இ11.3299 போடும்போது கையை நிறுத்தி யோசி. கடைசி இரண்டு ஒன்பதும் ஒன்றல்ல. முதல் ஒன்பது மாகுலாவில் வீக்கம் இல்லை என்கிறது, அடுத்தது எந்தக் கண் என்று தெரியவில்லை என்கிறது. இரண்டு கண்ணுமென்றால் கடைசியில் 3 வர வேண்டும். 2016 அக்டோபருக்கு முன் இந்த ஏழாவது இடமே இல்லை. கிடைத்த வசதியைக் கைவிடாதே. அதே அக்டோபரில் வந்ததுதான் இ11.37எக்ஸ் வரிசை, சிகிச்சையில் வீக்கம் வடிந்துபோனவர்களுக்கு. பழைய நோட்டை நகலெடுத்து ஒட்டும் இடங்களில், வடிந்து மாதக்கணக்கான பிறகும் வீக்கம் என்றே ஓடிக்கொண்டிருக்கும். ஓசிடி பற்றி டாக்டர் அன்றைக்கு என்ன எழுதினார் என்று பார்.

உன் கிளாக்கோமா (கண் நரம்பைக் கெடுக்கும் நோய்) சந்தேகத்துக்குப் பதில்: சர்க்கரையும் கண்புரையும் சேர்ந்திருந்தால், டாக்டர் தொடர்பில்லை என்று சொல்லாதவரை வழிகாட்டி நெறியே இரண்டையும் முடிச்சுப் போடுகிறது. கிளாக்கோமாவுக்கு அந்தச் சலுகை இல்லை. டாக்டரே தொடர்புபடுத்தி எழுதினால்தான் இ11.39, அதாவது சர்க்கரையால் வந்த வேறு கண் சிக்கல் என்ற கோடு.

அப்புறம், உன்னோடு ஒரு சண்டை பாக்கி. உனக்குச் சர்க்கரை வந்திருப்பதைக் குட்டி சொல்லித்தான் நான் தெரிந்துகொள்ள வேண்டுமா? அவ்வளவு தூரமாகிவிட்டேனா? கண் பார்த்தாயா என்று அவளிடம் கேட்டேன். "பார்வை நல்லாத்தானே இருக்குன்னு சொல்றா" என்றாள். தினமும் அந்த நோட்டுகளைப் படிக்கிற நீ இப்படிச் சொல்லலாமா? முதல் வரியில் "பார்வையில் புகார் இல்லை", நாலு வரி தள்ளி "மிதமான என்பிடிஆர்" என்று இருப்பதை நீயும்தான் பார்த்திருக்கிறாய். டைப் 1 என்றால் ஐந்து வருஷத்துக்குள் பார்க்கச் சொல்கிறார்கள். டைப் 2வில் தெரியவந்தவுடனேயே பார்க்கச் சொல்வதற்குக் காரணம், அது உடம்புக்குள் எப்போது தொடங்கியது என்று யாருக்கும் தெரியாது. அட்டையில் எழுத்து படித்துவிட்டு வருவது போதாது. சொட்டு மருந்து விட்டு, பாவையை விரியச் செய்து, விழித்திரையைப் பார்க்க வேண்டும். எனக்குப் பயமாக இருக்கிறது மீனா, அதனால்தான் கத்துகிறேன்.

இந்த வாரமே நேரம் வாங்கு. மருந்து விட்டால் சில மணி நேரம் மங்கலாகத்தான் தெரியும், வண்டியை நீயே ஓட்டிக்கொண்டு போகாதே, யாரையாவது கூட்டிப் போ. தேதி கிடைத்ததும் எனக்கு எழுது. பார்த்து முடித்ததும் டாக்டர் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் எழுது, வலது தனியாக, இடது தனியாக.

அன்புடன்,
உன் கலா