முள் மேல் ஒரு கண்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதுகிறேன். இங்கே எல்லோரும் நலம். மாமாவுக்கு முழங்கால் வலி குறைந்திருக்கிறது, கடைக்கு நடந்தே வருகிறார். நீ பெங்களூரில் வேளாவேளைக்குச் சாப்பிடுகிறாயா என்பதைத் தனியாக போனில் கேட்டுக்கொள்கிறேன். இந்தக் கடிதம் வேறு ஒரு விஷயத்துக்கு.

போன வாரம் பேசும்போது, கம்பெனி பஸ்ஸில் விளையாடும் அந்த ஐஸ்கிரீம் கடை ஆட்டத்தில் மாட்டிக்கொண்டதாகச் சொன்னாய். நாலைந்து பேர் ஒன்றாக வந்துவிட்டால் எல்லா ஆர்டரும் குழம்பிப்போகிறது, மிக்சரில் வைத்ததெல்லாம் பதம் தாண்டிப்போகிறது, டிப்ஸே வருவதில்லை என்றாய். சொல்லிவிட்டுச் சிரித்தாய், ஆனால் குரலில் சலிப்பு இருந்தது. எனக்கு அது மனதிலேயே நின்றுவிட்டது. நீ பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது கம்ப்யூட்டரில் இதே பாப்பாஸ் ஃப்ரீசேரியாவை விளையாடியதை நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். ஃபிளிப்லைன் கம்பெனி 2011-இல் வெளியிட்ட ஆட்டம் அது. 2020 முடிவோடு, அதை ஓட வைத்த ஃபிளாஷ் மென்பொருள் நின்றுபோனபோது, இனி கம்ப்யூட்டரில் வராது என்று நீ முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டிருந்ததும் ஞாபகம் இருக்கிறது. அதனால் நானும் என் போனில் இறக்கி விளையாட ஆரம்பித்தேன். மத்தியானம் கூட்டம் ஓய்ந்த பிறகு கல்லாவில் உட்கார்ந்து விளையாடுவேன். இப்போது எனக்கு நன்றாகப் பிடிபட்டிருக்கிறது. போனில் சொன்னால் "சரிம்மா, சரிம்மா" என்று தாண்டிவிடுவாய், எழுதினால் நிதானமாகப் படிப்பாய்.

முதலில், உனக்குக் குறைவது வேகம் இல்லை. உன் விரல் என் விரலைவிடப் பல மடங்கு வேகம். அப்படியிருந்தும் எனக்கு மதிப்பெண் நன்றாக வருகிறது என்றால் காரணம் வேறு. அந்த ஆட்டத்தில் நாலு இடம் இருக்கிறது: ஆர்டர் எடுக்கும் இடம், கப்பில் போடும் இடம், மிக்சர், மேலே அலங்கரிக்கும் இடம். இதில் மூன்று இடங்களில் நீ கை வைத்தால்தான் வேலை நடக்கும், கையை எடுத்தால் நின்றுவிடும். மிக்சர் மட்டும் அப்படி இல்லை. நீ பார்த்தாலும் பார்க்காவிட்டாலும் அது சுற்றிக்கொண்டே இருக்கும். எவ்வளவு கலந்திருக்கிறது என்று காட்டுகிற முள் நகர்ந்துகொண்டே இருக்கும். சங்கி (கட்டி கட்டியாக), ரெகுலர் (நடுத்தரமாக), ஸ்மூத் (வழுவழுப்பாக) என்று வரிசையாகத் தாண்டிப் போகுமே தவிர, ஒரு முறை தாண்டிய முள் திரும்பி வராது. மற்ற இடங்களில் தாமதமானால் நேரம் மட்டும்தான் போகும். இங்கே தாமதமானால் அந்தக் கப்பே கெட்டுப்போகும்.

இதை மனதில் வைத்துக்கொண்டு நீ விளையாடும் விதத்தை யோசித்துப் பார். யாராவது உள்ளே வந்தால் உடனே ஓடிப்போய் ஆர்டர் எடுக்கிறாய். வாடிக்கையாளரைக் காக்க வைக்கக் கூடாது என்ற எண்ணம் நல்லதுதான், காத்திருந்த நேரத்துக்கும் தனி மதிப்பெண் உண்டு. ஆனால் ஆர்டர் எடுக்கும்போது என்ன நடக்கிறது? அவர் ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல ஆர்டர் சீட்டில் ஒவ்வொரு படமாக ஏறும். அது முடிகிற வரை நீ அந்த இடத்தை விட்டு நகர முடியாது. அந்த நேரம் முழுக்க மிக்சரில் முள் ஓடிக்கொண்டிருக்கிறது. உன் கப்புகள் தாண்டிப்போவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். நீ மறந்துபோவதால் இல்லை பாப்பா, திரும்பி வர வழியில்லாத இடத்துக்கு அந்த நேரத்தில் போய்விடுவதால்.

அதனால் நான் இப்படிச் செய்கிறேன். ஆள் வந்ததைச் சொல்லும் வாசல் மணி அடித்ததும் முதலில் மிக்சரை ஒரு பார்வை பார்ப்பேன். ஏதாவது ஒரு முள் தான் நிற்க வேண்டிய கோட்டுக்கு அருகில் வந்திருந்தால் வந்தவர் நிற்கட்டும். அந்தக் கப்பை எடுத்துவிட்டுத்தான் போவேன். முள் இன்னும் தூரத்தில் இருந்தால் தாராளமாகப் போய் ஆர்டர் எடுப்பேன். சங்கி கேட்ட கப் மிக்சரில் இருக்கும்போது மட்டும் நான் எங்கேயும் போக மாட்டேன். மூன்றிலும் சீக்கிரம் முடிவது அதுதான், திரும்பி வருவதற்குள் ரெகுலர் ஆகிவிடும். ஸ்மூத் கேட்டது உள்ளே போயிருந்தால் அதுதான் நமக்குக் கிடைத்த இடைவெளி. அந்த நேரத்தில் ஆர்டர் எடுக்கலாம், அடுத்த கப்பில் ஐஸ்கிரீமும் சிரப்பும் ஊற்றலாம், முன்னால் முடிந்ததை அலங்கரிக்கலாம்.

இதிலிருந்தே அடுத்த விஷயம் வருகிறது. கையில் மூன்று சீட்டு இருந்தால் நீ வந்த வரிசையிலேயே செய்கிறாய் என்று நினைக்கிறேன். நான் மூன்று சீட்டையும் பார்த்து, ஸ்மூத் எது என்று முதலில் தேடுவேன். நடுவில் வந்தவருடையதாக இருந்தாலும் அதைத்தான் முதலில் கப்பில் போட்டு மிக்சருக்கு அனுப்புவேன். அது சுற்றிக்கொண்டிருக்கும்போது முதல் ஆளுடைய சங்கியைப் போட்டு, பக்கத்திலேயே நின்று எடுத்து, அலங்கரித்துக் கொடுத்துவிடுவேன். அவருக்கும் பெரிய தாமதம் ஆகாது. கொடுத்துவிட்டுத் திரும்பினால் ஸ்மூத் கோட்டுக்கு வந்திருக்கும். வரிசையை அப்படியே கடைப்பிடித்தால் முதல் ஆளுக்கு மட்டும்தான் லாபம், பின்னால் இருக்கும் இரண்டு பேரும் நிற்க வேண்டியிருக்கும்.

மாமா கடையில் நடப்பதை இதற்கு அப்படியே எடுத்துக்கொள்ள முடியுமா என்று நானும் யோசித்தேன். நீ சின்னப் பிள்ளையிலிருந்து பார்த்ததுதானே. ஜிகர்தண்டாவில் நேரம் பிடிக்கிற வேலையெல்லாம் வாடிக்கையாளர் வருவதற்கு முன்பே முடிந்திருக்கும். பாதாம் பிசினை முந்தின ராத்திரியே தண்ணீரில் ஊறப்போட்டுவிடுவார், காலையில் பார்த்தால் கண்ணாடி மாதிரி பொங்கி நிற்கும். பால் அடுப்பில் நின்று நின்று சுண்டி நிறம் மாறியிருக்கும், அதை ஆற வைத்துக் குளிர வைத்திருப்பார். ஆள் வந்த பிறகு செய்வது அடுக்குகிற வேலை மட்டும்தான்: அடியில் பிசின், அதன் மேல் நன்னாரி சர்பத், பால், பாசுந்தி, உச்சியில் ஐஸ்கிரீம். சித்திரைத் திருவிழா சமயத்தில், மாசி வீதிகளில் தேர் சுற்றி வருகிற அன்றைக்கு, கடை முன்னால் எவ்வளவு கூட்டம் இருக்கும் என்று உனக்குத் தெரியும். மாமா டம்ளர்களை வரிசையாக வைத்து எல்லாவற்றிலும் பிசினைப் போட்டுக்கொண்டே போவார், அப்புறம் எல்லாவற்றிலும் சர்பத், அப்புறம் பால். ஒருத்தர் "பிசின் வேண்டாம்" என்றால் அந்த டம்ளரை வரிசையை விட்டு ஒரு விரல் தள்ளி வைப்பார். "ஐஸ் கம்மி" என்றால் இன்னொரு பக்கம். சீட்டு எழுத மாட்டார், டம்ளர் நிற்கிற இடமே அவருக்குச் சீட்டு.

ஆட்டத்தில் அந்த வழி செல்லாது. அங்கே ஒவ்வொரு கப்பும் வேறு. ஒருவர் சின்னக் கப்பில் ஸ்ட்ராபெரி கேட்பார், அடுத்தவர் பெரிய கப்பில் வேறொன்று. ஒரே நேரத்தில் எல்லாக் கப்பிலும் ஒன்றையே ஊற்றிக்கொண்டு போக முடியாது. முன்கூட்டியே செய்து வைக்கவும் முடியாது, சீட்டு வந்த பிறகுதான் எல்லாமே. அதனால் மாமாவின் கை வேகத்தை அங்கே கொண்டுபோவதில் பயனில்லை. நான் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டது ஒன்றே ஒன்று. பால் அடுப்பில் இருக்கும்போது அவர் எவ்வளவு கூட்டமானாலும் அடுப்புக்கு முதுகைக் காட்ட மாட்டார். ஒரு கண் அங்கேயே இருக்கும். அவரிடம் யார் பேசினாலும் பக்கவாட்டில் திரும்பித்தான் பதில் சொல்வார். மிக்சரை நான் அப்படித்தான் பார்க்கிறேன்.

அலங்கரிக்கும் இடத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் நீ அங்கேதான் அதிக நேரம் செலவழிக்கிறாய். உன் சுபாவம் எனக்குத் தெரியும். பொங்கல் கோலத்தில் ஒரு புள்ளி தள்ளிப்போனாலும் அழித்துவிட்டுத் திரும்பப் போடுகிற பிள்ளை நீ. விப்ட் கிரீம் ஒரு பக்கம் சாயாமல் நடுவில் உட்கார வேண்டும், ஸ்பிரிங்கிள்ஸ் எல்லாப் பக்கமும் சமமாக விழ வேண்டும் என்பதெல்லாம் சரிதான். ஆனால் கணக்கைப் பார். காத்திருப்பு, கப்பில் போட்டது, மிக்சர், அலங்காரம் என்று நாலுக்கும் தனித்தனியாக மதிப்பெண் வருகிறது. செர்ரியை நடு மையத்தில் வைக்கிறேன் என்று நீ நிற்கிற நேரத்தில் அந்த ஒரு ஆளுடைய அலங்கார மதிப்பெண்ணில் கொஞ்சம் கூடுகிறது. அதே நேரத்தில் கடையில் நிற்கிற அத்தனை பேருடைய காத்திருப்பு மதிப்பெண்ணும் குறைகிறது. மிக்சரிலும் ஏதாவது தாண்டிவிட்டால் கேட்கவே வேண்டாம். ஒருவர் மட்டும் நிற்கும்போது ஆசை தீர அலங்கரி. நாலு பேர் நிற்கும்போது கை ஒரே சீராகப் போகட்டும், இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை ஒரு இழுப்பு. அதுவே போதுமான அழகுதான். எனக்கு அப்படிச் செய்த கப்புகள்தான் நன்றாகவும் இருக்கின்றன.

இன்னொன்று, சம்பாதித்த டிப்ஸை எதில் செலவழிக்கிறாய்? கடைக்கு முன்பகுதியை அலங்கரிக்கிற சாமான்களைத்தான் நீ முதலில் வாங்குவாய் என்று நினைக்கிறேன். நான் வாசல் மணியைத்தான் முதலில் வாங்கினேன். ஆள் வந்ததைச் சத்தம் சொல்லிவிடுகிறது, நான் ஆர்டர் இடத்துக்குப் போய் எட்டிப் பார்த்துவிட்டு வர வேண்டியதில்லை. அப்படி எட்டிப் பார்க்கப் போகிற நேரமெல்லாம் மிக்சரை விட்டு விலகுகிற நேரம். கல்லாவில் உட்கார்ந்திருக்கிறவளுக்கு அந்த மணியின் அருமை தெரியும்.

பஸ்ஸில் விளையாடுவதால் உனக்கு ஒரு சிரமம் இருக்கும் என்றும் தோன்றுகிறது. சத்தத்தை அணைத்து வைத்திருப்பாய், பக்கத்தில் தூங்குகிறவர்களுக்குத் தொந்தரவு ஆகக் கூடாது என்று. அப்படியானால் மணி வாங்கியும் பயனில்லை. ஒரு காதில் மட்டும் இயர்போன் மாட்டிக்கொள், இன்னொரு காது வெளியே இருக்கட்டும், இறங்குகிற இடம் தெரிய வேண்டும். மேடு பள்ளத்தில் பஸ் குலுங்கும்போது கப்பில் அளவு பார்த்து ஊற்றுகிற வேலையை வைத்துக்கொள்ளாதே. பஸ் சிக்னலில் நிற்கும்போது ஊற்று. ஆர்டர் எடுப்பதைக் குலுக்கலில் செய்யலாம், அதற்குக் கை நிதானம் தேவையில்லை.

நான் இதையெல்லாம் இவ்வளவு விரிவாக எழுதுவது உனக்கு வேடிக்கையாக இருக்கலாம். எனக்கு இது பெரிய சந்தோஷம் பாப்பா. நீ வேலைக்குப் போன பிறகு உன் நாள் எப்படிப் போகிறது என்று எனக்கு முழுதாகத் தெரியாது. நீ செய்கிற கம்ப்யூட்டர் வேலையைப் பற்றி எவ்வளவு சொன்னாலும் பாதிதான் புரிகிறது. இந்த ஆட்டம் எனக்கு முழுசாகப் புரிகிறது. நீ எந்த இடத்தில் தடுமாறுவாய், எந்த இடத்தில் பல்லைக் கடிப்பாய் என்று விளையாடும்போதே தெரிகிறது. அந்த நேரத்தில் நீ பக்கத்தில் இருக்கிற மாதிரி இருக்கிறது.

எனக்கு இன்னும் கை வராதது ஒன்று இருக்கிறது. ஸ்பிரிங்கிள்ஸ் டப்பாவைக் குலுக்கும்போது கப்பின் இடது ஓரம் எப்போதும் காலியாகவே இருக்கிறது. நீ அதைச் சின்ன வயசிலேயே நன்றாகச் செய்வாய், பார்த்திருக்கிறேன். எந்தப் பக்கத்தில் ஆரம்பிக்கிறாய், விரலை எடுத்து எடுத்து வைக்கிறாயா, ஒரே ஓட்டமாக இழுக்கிறாயா என்று எழுது. மாமாவும் கேட்டுக்கொண்டிருக்கிறார். நான் விளையாடும்போது தோளுக்குப் பின்னால் நின்று "அந்த ஓரம், அந்த ஓரம்" என்கிறார்.

அன்புடன்,
அம்மா