கப்பலில் போன பெட்டிகள்

திருச்சி
ஞாயிறு இரவு

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கு எல்லோரும் நலம். அம்மாவுக்கு முழங்கால் வலி போன மாதம் போல இல்லை, மாடிப்படி ஏறுகிறாள்.

செவ்வாய்க்கிழமை நீ போனில் சொன்னதை அவளிடம் நான் இன்னும் சொல்லவில்லை. "இந்த உப்பள ஆவணப்படத்துக்காக நாலு வருஷம் வேதாரண்யத்துக்கும் மெட்ராஸுக்குமா அலைஞ்சது போதும்ப்பா. எங்க அனுப்பினாலும் திரும்பி வருது. டிஸ்க்கையெல்லாம் அழிச்சு, கேமராவோட சேத்து வித்துட்டு வேற வேலை பாக்கறேன்" என்றாய். எனக்கு அப்போது வாயில் சொல் வரவில்லை. சாப்பிட்டியா என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டேன். அன்றைக்குச் சொல்லியிருக்க வேண்டியதை இப்போது எழுதுகிறேன்.

பொங்கலுக்கு வந்தபோது டிவி மேஜைமேல் ஒரு பென் டிரைவை விட்டுப்போனாய். அதில் 'குஸ்மான்' என்று ஒரு ஃபோல்டர் இருந்தது. நீ படிக்கிற காலத்தில் ராத்திரிச் சாப்பாட்டில் உட்கார்ந்தால் ஓயாமல் சொல்லிக்கொண்டிருப்பாயே, அந்தச் சிலி நாட்டு டைரக்டர், பத்ரிசியோ குஸ்மான். அன்றைக்குத் தலையை ஆட்டிக்கொண்டு கேட்டதோடு சரி. செவ்வாய்க்கிழமையிலிருந்து தினமும் அவர் படங்களைத்தான் பார்க்கிறேன். கீழே ஓடுகிற ஆங்கில வரியின் வேகத்துக்கு எனக்கு ஈடுகொடுக்க முடியவில்லை, நிறுத்தி நிறுத்தி வாசித்தேன். அவரைப் பற்றிக் கிடைத்ததையும் தேடிப் படித்தேன். எல்லாம் உனக்குத் தெரிந்த கதைதான். ஆனால் முப்பத்துநாலு வருஷம் ரயில்வே பார்சல் ஆபீஸில் சிப்பம் எண்ணிய ஒருவன் கண்ணில் அதில் என்ன பட்டது என்பது உனக்குத் தெரியாது அல்லவா?

எனக்கு முதலில் பட்டது பெட்டிகள்தான்.

அவர் 1941-ல் சாந்தியாகோவில் பிறந்தவர். மாட்ரிடில் சினிமா படித்துவிட்டு 1971-ல் ஊர் திரும்பினார். முந்தின வருஷம்தான் அந்த ஜனங்கள் ஓட்டுப்போட்டு சால்வடார் அலெண்டே என்கிற சோஷலிஸ்டை ஜனாதிபதி ஆக்கியிருந்தார்கள். அந்த ஆட்சியின் முதல் வருஷத்தை அவர் படமாக எடுத்தார். பிரான்ஸிலிருந்து வந்திருந்த கிறிஸ் மார்க்கர் என்ற டைரக்டர் அதைப் பார்த்துவிட்டுத் தன் நாட்டுக்கு எடுத்துப்போய்க் காட்டினார். அடுத்த படத்துக்குச் சிலியில் ஃபிலிம் கிடைக்கவில்லை. அமெரிக்கா வியாபாரத்தில் எல்லாப் பக்கமும் சிலியின் கழுத்தை நெரித்துக்கொண்டிருந்த நேரம். குஸ்மான் மார்க்கருக்கு ஒரு கடிதம் போட்டார். பதிலுக்கு ஃபிலிம் சுருளும் ஒலி நாடாவும் பெட்டியாக வந்து இறங்கின. ஒரு கடிதத்துக்கு அப்படி ஒரு பதில்! அதைப் படித்த இடத்தில் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

அந்தச் சுருள்களை எண்ணி எண்ணிச் செலவழித்தார்கள். ஒரு கேமரா, நாக்ரா என்கிற ஒரு ஒலிப்பதிவுக் கருவி, நாலைந்து கூட்டாளிகள். கேமராவைத் தூக்கியவர் ஹோர்ஹே முல்லர். குஸ்மான் அவர் தோளை ஒட்டி நின்று, அடுத்து எந்தப் பக்கம் திரும்ப வேண்டும், எங்கே நிற்க வேண்டும் என்று காதில் சொல்லிக்கொண்டே வருவாராம். 'சிலியின் போர்' என்கிற அந்த மூன்று பாகப் படத்தில் ஓரிடத்தில் ஒரு இளைஞன் பாரம் ஏற்றிய கைவண்டியை இழுத்துக்கொண்டு தெருவில் ஓடுகிறான். நடக்கவில்லை, ஓடுகிறான். கேமராவும் விடாமல் கூடவே ஓடுகிறது. அதை மட்டும் நாலு தடவை பார்த்தேன். வண்டிக்காரனின் தோள்பட்டை எப்படி முன்னால் சாயும், முன்னங்காலில் எப்படிப் பாரம் இறங்கும் என்று தினமும் ஆபீஸ் வாசலில் பார்த்தவன் நான். அப்படியே பிடித்திருக்கிறார் முல்லர்.

1973 செப்டம்பர் 11-ல் ராணுவம் ஜனாதிபதி மாளிகைமேல் குண்டு போட்டது. அலெண்டே அன்றே இறந்தார், ஆட்சி ராணுவத்தின் கைக்குப் போனது. குஸ்மானைப் பிடித்து, ஆயிரக்கணக்கானவர்களோடு தேசிய ஸ்டேடியத்தில் இரண்டு வாரம் அடைத்து வைத்தார்கள். சுட்டுவிடுவோம் என்று மிரட்டினார்கள். சுருள்களோ வெளியில் இருந்தன. அவர் உறவுக்காரப் பெரியவர் ஒருவர் தன் வீட்டில் ஒளித்துவைத்திருந்து, பிறகு ஸ்வீடன் தூதரகத்தில் சேர்த்தார். அப்போதைய தூதர் ஹரால்ட் எடெல்ஸ்டாம் எத்தனையோ உயிர்களைக் காப்பாற்றியவர். அங்கிருந்து அவை வல்பரைசோ துறைமுகத்தில் கப்பல் ஏறி ஸ்டாக்ஹோம் போய்ச் சேர்ந்தன.

பாப்பா, ஒரு சிப்பம் எத்தனை கை மாறும், எத்தனை இடத்தில் சும்மா கிடக்கும், எப்படித் தொலையும் என்று எனக்குத் தெரியும். மழையில் நனையும். தப்பான பிரேக் வேனில் ஏறிவிடும். உள்ளே இருப்பதன் பெயரை வெளியில் சொன்னாலே உயிர் போகும் என்கிற காலத்தில் அத்தனை சுருளும் போய்ச் சேர்ந்திருக்கின்றன. அவற்றைக் கையில் வாங்கி அடுத்தவரிடம் கொடுத்த ஒவ்வொருவரும் "நமக்கெதற்கு வம்பு" என்று நினைத்திருக்கலாம். ஒருவராவது அப்படி நினைத்திருந்தால் இன்றைக்கு என் டிவியில் அந்த வண்டிக்காரன் ஓட மாட்டான்.

குஸ்மான் வெளிநாட்டில் தஞ்சம் புகுந்தார். கியூபாவில், ஹவானாவில், பெத்ரோ சாஸ்கெல் என்பவரோடு உட்கார்ந்து வருஷக்கணக்கில் எடிட் செய்தார். முதல் பாகம் 1975-ல் வந்தது, மூன்றாவது 1979-ல். முல்லர் அதில் ஒரு பாகத்தைக்கூடப் பார்க்கவில்லை. 1974 நவம்பர் 29-ல் ரகசியப் போலீஸ் அவரையும் அவர் நேசித்த கார்மென் புவெனோ என்ற நடிகையையும் தெருவில் வைத்துப் பிடித்துப் போனது. முல்லருக்கு அப்போது முப்பது வயது ஆகவில்லை. இருவரும் இன்றுவரை கிடைக்கவில்லை. அந்தத் தேதியைத்தான் சிலியில் இப்போது சினிமா தினமாக வைத்திருக்கிறார்கள்.

1997-ல் வந்த படத்தில் குஸ்மான் அந்தப் பழைய படத்தைத் தூக்கிக்கொண்டு ஊருக்குத் திரும்பிப் போகிறார். சுருளை ஒளித்துவைத்த அந்தப் பெரியவர் வருகிறார், பியானோ வாசிக்கிறார். முல்லரின் அப்பா ரோடோல்போவும் வருகிறார், மகனைப் பற்றிப் பேசுகிறார். அந்த இடத்தில் நான் டிவியை நிறுத்திவிட்டு வாசலில் போய் நின்றேன். அவருக்கு மிஞ்சியது மகன் பார்த்த காட்சிகள். அந்த வண்டிக்காரனைப் பார்த்துக்கொண்டிருந்தது அவர் மகனின் கண்.

அப்புறம் கல்லூரிப் பிள்ளைகளுக்குப் படத்தைப் போட்டுக் காட்டுகிறார். அது நடந்தபோது பச்சைக் குழந்தைகளாக இருந்தவர்கள் அவர்கள். படம் முடிந்து விளக்குப் போட்டதும் பேச்சே எழவில்லை. ஒரு பையன் குலுங்கிக் குலுங்கி அழுகிறான். தங்கள் ஊரில் என்ன நடந்தது என்று அன்றைக்குத்தான் கண்ணால் பார்க்கிறார்கள். அந்தப் படம் சிலியில் எல்லோரும் பார்க்கிற டிவியில் வந்தது எப்போது தெரியுமா? 2021-ல். குஸ்மானுக்கு அப்போது எண்பது வயது. நீ நாலு வருஷம் என்கிறாய். உன் வலியைக் குறைத்துச் சொல்லவில்லை, பாப்பா. வாடகை, சாப்பாடு, கூடப் படித்தவர்களின் சம்பளம் எல்லாம் எனக்கும் தெரியும். வேறு வேலைக்குப் போ, நான் வேண்டாம் என்று சொல்லவே மாட்டேன். எனக்குத் தாங்காதது அந்த 'அழிச்சுட்டு' என்கிற ஒரு சொல்தான்.

பிந்தைய படங்களில் இரண்டைப் பற்றி மட்டும் சொல்கிறேன். அடகாமா பாலைவனத்தில் எடுத்த படத்தில் ஒரு பக்கம் உலகத்திலேயே பெரிய தொலைநோக்கிகள். அதே மண்ணில் கலாமா ஊர்ப் பெண்கள் கையில் சின்ன மண்வெட்டியோடு, கொன்று புதைக்கப்பட்ட புருஷனையும் அண்ணன் தம்பியையும் வருஷக்கணக்கில் தேடுகிறார்கள். சின்ன எலும்புத் துண்டு கிடைத்தாலும் போதும் என்கிறார்கள். அங்கே சக்காபுக்கோ என்று ஒரு பழைய வெடியுப்பு ஊர். உப்புத் தொழிலாளிகள் இருந்த வரிசை வீடுகளுக்கு முள்வேலி கட்டிச் சிறைமுகாம் ஆக்கியிருக்கிறார்கள். அதைப் பார்த்தபோது உன் உப்பளத்துக் கொட்டகைகள்தான் எனக்கு ஞாபகம் வந்தன.

அதே படத்தில் மிகேல் லாவ்னர் என்று ஒரு கட்டட வல்லுநர். கைதியாக இருந்தபோது தன்னை அடைத்துவைத்த முகாமைக் காலடியால் அளந்திருக்கிறார். இங்கிருந்து அங்கே இத்தனை அடி, அந்தச் சுவர் இத்தனை அடி. ராத்திரி அதைப் படமாக வரைவார். விடிவதற்குள் கிழித்துப் போட்டுவிடுவார், சோதனையில் சிக்கினால் தொலைந்தது. பிற்பாடு டென்மார்க்கில் தஞ்சம் புகுந்த பிறகு மொத்தத்தையும் நினைவிலிருந்து திரும்ப வரைந்தார். குஸ்மானின் கேமரா முன்னால், வீட்டுக்குள் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு நடந்து அளந்து காட்டுகிறார் அந்தக் கிழவர். கிழிக்கும்போதே அவர் அதை மனசில் வைத்துக்கொண்டார். நாலு வருஷத்துக் காட்சியை நீ எந்த மனசில் வைப்பாய்?

இன்னொரு படம் கடலைப் பற்றியது. கொல்லப்பட்டவர்களின் உடலைத் தண்டவாளத் துண்டோடு கட்டி ஹெலிகாப்டரிலிருந்து கடலில் போட்டிருக்கிறார்கள். ரயில்வேயில் சோறு தின்றவன் நான், அதைக் கேட்கவே நெஞ்சு பதறுகிறது. வருஷங்கள் கழித்து அந்தத் துண்டுகளைக் கடலுக்கடியிலிருந்து எடுத்தார்கள். உடல் எப்போதோ கரைந்துவிட்டது. துருவும் சிப்பியும் அப்பிய ஒரு இரும்பில் ஒரே ஒரு சட்டைப் பொத்தான் ஒட்டிக்கொண்டிருந்தது. யாரோ ஒருவர் காலையில் தன் கையால் மாட்டிக்கொண்ட பொத்தான். குஸ்மான் அதைக் கிட்டத்தில் போய்க் காட்டுகிறார். கடல் அந்தப் பொத்தானை விட்டுவைத்ததால்தான் அப்படி ஒரு ஆள் இருந்தார் என்று நமக்குத் தெரிகிறது.

ஆவணப்படம் இல்லாத நாடு, போட்டோ ஆல்பம் இல்லாத குடும்பம் மாதிரி என்று அவர் சொல்வாராம். 2005 வெள்ளத்தில் நம் வீட்டு ஆல்பம் ஊறிப்போனது உனக்கு ஞாபகம் இருக்கும். என் அம்மா முகம் இருந்த ஒரே படம் அதில்தான் இருந்தது. இப்போது கண்ணை மூடினால் அவள் புடவை வருகிறது, மூக்குத்தி வருகிறது. முகம் தெளிவாக வருவதில்லை.

உன் உப்பளத்து ஆயாவை எடுத்துக்கொள். வாருபலகையைச் சாய்த்து வைத்துவிட்டு, பாத்தி வரப்பில் உட்கார்ந்து, வெடித்த பாதத்தைத் திருப்பிக் காட்டுவாரே. "இத எடும்மா, மூஞ்சிய எதுக்கு எடுக்கற" என்பாரே. அதை எனக்கு நீ இந்த வீட்டில்தான் போட்டுக் காட்டினாய். போன ஐப்பசியில் அவர் போய்விட்டார் என்றும் நீதான் சொன்னாய். அவருக்குப் பேரப்பிள்ளைகள் உண்டு. நாளைக்கு அந்தக் குரலைக் கேட்க வேண்டுமென்றால் அவர்கள் எங்கே போவார்கள்? உன்னோடு கேமரா தூக்கி அலைந்த அந்தத் தம்பியிடமாவது அழிப்பதைப் பற்றிக் கேட்டாயா? அவன் தோள்வலியும் அதில் இருக்கிறது.

ஒன்று செய். எதையும் தொடாதே. எந்த டிஸ்க்கில் எந்த ஊர், எந்தத் தேதி, பேசுபவர் யார் என்று ஒரு நோட்டில் எழுதி வை. பெயர் இல்லாத சிப்பம் வந்து சேர்ந்தும் பயனில்லை. இரண்டு புது டிஸ்க் நான் வாங்கி வைத்திருக்கிறேன். நீ சொல்லிக்கொண்டே இருந்த அளவுதான், கடைக்காரரிடம் எழுதிக் காட்டி வாங்கினேன். மொத்தத்தையும் அதில் நகல் எடுத்துக் கொடு. ஒன்று நம் பீரோவில் பத்திரத்தோடு இருக்கட்டும், இன்னொன்று உன் சித்தப்பா வீட்டில். கூரியரில் போட வேண்டாம்.

வியாழக்கிழமை ராத்திரி மலைக்கோட்டை எக்ஸ்பிரஸில் ஏறுகிறேன். வெள்ளி விடியற்காலை எழும்பூரில் இருப்பேன். ஸ்டேஷனுக்கு வராதே, தூங்கு, நானே ஆட்டோ பிடித்து வந்துவிடுவேன். அம்மா எலுமிச்சை ஊறுகாய் கொடுத்தனுப்புகிறாள். திரும்பும்போது டிஸ்க் வைத்த பை என் மடியில்தான் வரும்.

இப்படிக்கு,
அன்புடன் அப்பா